ஏழு மாத நண்டு அளவு

நாகப்பட்டினம்
20.1.2025

அன்புள்ள சபாவுக்கு,

அக்கா எழுதுவது. நலம் என்று எழுதக் கை வரவில்லை. துர்காவும் நீயும் நன்றாக இருங்கள்.

போனில் பேசாமல் பார்சலுக்குள் கடிதம் வைத்திருக்கிறாளே என்று நினைப்பாய். உன் மாமாவுக்குப் பேச்சுதான் வரவில்லை, நாம் பேசுவதெல்லாம் புரிகிறது. வலது கை விழுந்துவிட்டதால் என் போனை நாள் முழுக்க இடது கையில் வைத்துக்கொண்டு, வரும் செய்திகளை எழுத்துக் கூட்டிப் பார்க்கிறார். அவருக்குத் தெரியாமல் உன்னிடம் பேச எனக்கு வேறு வழி இல்லை. பதிலை என் ஆபீஸ் விலாசத்துக்கு அனுப்பு.

இதோடு இருப்பது அவருடைய போன். படகுகள் வந்து சேரும் இறங்குதளத்தில் நண்டு அளந்துகொண்டிருந்தபோதுதான் பக்கவாதம் வந்து சாய்ந்தார். கையிலிருந்த போன் கடலில் விழுந்திருக்கிறது. ஒரு படகுக்காரர் முங்கி எடுத்து, யாரிடம் தருவது என்று தெரியாமல் வைத்திருந்து, போன வாரம்தான் கொண்டுவந்தார்.

அதில் ஜூனிலிருந்து டிசம்பர் வரை ஏழு மாத அளவு இருக்கிறது சபா. கரைக்கு வரும் நண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து, ஓட்டின் அகலம், ஆணா பெண்ணா, சினை இருக்கிறதா என்று செயலியில் பதிவார். அதை நான் எங்கள் மீன்வள ஆபீசில் ஒரு மென்பொருளில் ஏற்றினால், கடலில் நண்டு கூடுகிறதா குறைகிறதா, எவ்வளவு பிடித்தால் தாங்கும் என்று கோடு போட்டுக் காட்டும். ஜூனில் செயலி மாறியது. அதன் பிறகு பதிந்தது எதுவும் ஆபீசுக்கு வந்து சேரவில்லை. செயலிக்காரர்களுக்கு மூன்று முறை எழுதிக் கேட்டார். "அடுத்த அப்டேட்ல சரியாயிடும் சார்" என்றார்கள். என் கோடு மே மாதத்தோடு நிற்கிறது.

தினமும் இடது கையை என் முன்னால் விரிக்கிறார். அந்த அளவைத்தான் கேட்கிறார் என்று எனக்குத் தெரியும். உன்னால் முடிந்ததைச் செய்.

உன் அக்கா,
அம்சவேணி

பிள்ளையார்பாளையம்
காஞ்சிபுரம்
1.2.2025

அன்புள்ள அக்காவுக்கு,

சபாபதி எழுதுவது. சாயப்பட்டறை ஆட்களின் போன் வாரத்துக்கு இரண்டாவது தண்ணீரில் விழுந்து என் ரிப்பேர் கடைக்கு வரும். அதனால் பயமில்லாமல்தான் திறந்தேன். உள்ளே பார்த்தால், போர்டு முழுக்க உப்பு பச்சையாகப் பூத்திருந்தது. மைக்ராஸ்கோப்பில் வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகச் சுரண்டிக் கழுவி, கருகிய இடங்களில் வேறு பார்ட் மாற்றினேன். ஒன்பது நாள் ஆனது.

நேற்று மதியம் திரை எரிந்தது அக்கா. துர்கா பக்கத்து வீட்டுத் தறிக்காரர்களை எல்லாம் கூப்பிட்டுக் காட்டினாள்.

ஆனால் பூட்டைத் திறக்க ஆறு எண் கேட்கிறது. உனக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்துப் போனையும் இதோடு அனுப்புகிறேன். அவசரப்பட்டுப் போடாதே. தப்பான எண்ணைப் போடப் போட, அது காக்க வைக்கும் நேரம் கூடிக்கொண்டே போகும்.

மாமாவைக் கேட்டதாகச் சொல்.

உன் தம்பி,
சபாபதி

நாகப்பட்டினம்
11.2.2025

அன்புள்ள சபா,

பதினோரு வருடம் ஒரே வீட்டில் இருந்தும் அவர் போனின் எண் எனக்குத் தெரியாது. கேட்க வேண்டிய தேவை ஒரு நாளும் வரவில்லை.

கல்யாணத் தேதி, அவர் பிறந்த நாள், வண்டி நம்பர் எல்லாம் போட்டேன். எதுவும் இல்லை. பிறகு அட்டையில் பெரிதாக எண்களை எழுதி அவர் முன்னால் வைத்தேன். இடது விரலால் ஏழைத் தொட்டார். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு மறுபடியும் ஏழைத் தொட்டார். மூன்றாவது முறையும் ஏழு. "அடுத்தது என்னாங்க, மெதுவா யோசிங்க" என்றேன். அட்டையைத் தட்டிவிட்டு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அவருக்குத் தெரியும் சபா. விரலுக்கு வரும் வழியில் எங்கோ தொலைந்துபோகிறது. அதற்கு மேல் அவரைக் கேட்க எனக்கு மனம் இல்லை.

போனைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். உன் கடையில் என்னென்னவோ மென்பொருள் வைத்திருக்கிறாயே, ஒன்றிலும் வழி இல்லையா?

அம்சவேணி

பிள்ளையார்பாளையம்
22.2.2025

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னிடம் மறைக்க விரும்பவில்லை. பூட்டை எடுக்கும் மென்பொருள் என்னிடம் இருக்கிறது, ஐந்து நிமிட வேலை. ஆனால் பூட்டோடு உள்ளே இருப்பதையும் துடைத்துவிடும். நினைவகத்தை அப்படியே நகலெடுக்கும் இன்னொன்றையும் ஓட்டிப் பார்த்தேன். நகல் வந்தது. அந்த ஆறு எண் இல்லாமல் அது வெறும் குப்பை. மாமா அளந்த நண்டெல்லாம் அந்தக் குப்பைக்குள்தான் இருக்கிறது, எனக்குத்தான் பிரிக்கத் தெரியவில்லை.

வியாழக்கிழமை கடையைப் பூட்டிவிட்டுச் சென்னைக்கு, ரிச்சி தெருவுக்குப் போனேன். எனக்குத் தொழில் சொல்லிக் கொடுத்தவர் வாங்கிப் பார்த்துவிட்டு, "நீ இத்தினி தூரம் கொண்டாந்ததே பெரிசுப்பா. இதுக்கு மேல அந்த நம்பர வெச்சிக்கினு இருக்கறவருதான் வரணும்" என்று என் கையிலேயே திருப்பிக் கொடுத்தார்.

பெங்களூரில் ஒருவரைக் கேட்டிருக்கிறேன். அவர் பதில் வரும்வரை மாமாவிடம் எதுவும் சொல்லாதே.

சபாபதி

நாகப்பட்டினம்
6.3.2025

அன்புள்ள சபா,

நான் ஒரு காரியம் செய்துவிட்டேன். உன்னைக் கேட்காமல் செய்ததற்குக் கோபித்துக்கொள்ளாதே.

மாமா இடத்துக்குப் புது ஆள் வந்துவிட்டார். அறிக்கை தரவேண்டிய நாளும் நெருங்கிவிட்டது. ஆபீசில் மேலே இருப்பவரிடம் ஏழு மாத அளவு இல்லை என்றேன். "முந்தின வருஷத்து ஆவரேஜ் போட்டு ஃபில் பண்ணிடுங்க மேடம்" என்றார். நிரப்பினேன். மென்பொருள் ஒன்றும் கேட்கவில்லை. நின்றுபோன கோடு மறுபடியும் நடந்தது, அழகாகவே இருந்தது.

அந்தத் தாளை வீட்டுக்குக் கொண்டுபோய், "சபா எடுத்துட்டான். பாருங்க, எல்லாம் உங்க நண்டுதான்" என்று மாமாவிடம் கொடுத்தேன். இடது விரலை அந்தக் கோட்டின் மேல் வைத்துக் கடைசிவரை கொண்டுபோனார். பிறகு சிரித்தார் சபா. ஒரு பக்கம்தான் சிரிப்பு வருகிறது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு நான் பார்க்கும் முதல் சிரிப்பு.

எப்போதாவது வீடியோ காலில் ஜாடையாகக் கேட்டால், எடுத்துவிட்டேன் என்றே சொல். எனக்காக இந்த ஒரு பொய்யைச் சொல்.

அம்சவேணி

பிள்ளையார்பாளையம்
10.3.2025

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் இன்று காலைதான் கைக்கு வந்தது.

வெள்ளிக்கிழமை அந்த போர்டு நின்றுவிட்டது. உள்ளே எங்கோ உப்பு மிச்சம் இருந்து அரித்திருக்கிறது. இனி எண் கிடைத்தாலும் பயனில்லை. பெங்களூர்க்காரரும் முடியாது என்று சொல்லிவிட்டார். கடிதம் போட்டுக்கொண்டிருக்க எனக்குப் பொறுமை இல்லை. மாமா தூங்குகிற நேரம் என்று நினைத்துச் சனிக்கிழமை மூன்று மணிக்கு உன் போனுக்கு அடித்தேன். எடுத்ததும் நீதான் என்று நினைத்து, மூச்சு விடாமல் பேசினேன். "போர்டு பூடுச்சிக்கா. ஒரு நண்டு கூட எடுக்க முடியல. மாமா கேட்டா என்னா சொல்லப் போறே?"

அக்கா, அக்கா என்று கூப்பிட்டேன். மூச்சு வாங்கும் சத்தம் மட்டும் கேட்டது. அப்போதுதான் யார் எடுத்திருக்கிறார் என்று புரிந்தது. நீ மருந்துக் கடைக்குப் போயிருந்தாயோ என்னவோ. "மாமா, மன்னிச்சிடுங்க" என்றேன். வேறு என்ன சொல்ல முடியும்.

மூச்சைக் கூட்டி, "சரி" என்றார்.

என் காதில் அது தெளிவாகத்தான் விழுந்தது. பிறகு போன் நின்றுவிட்டது. மூன்று மாதமாக அவர் வாயிலிருந்து ஒரு சொல் வராதா என்று நீ காத்துக்கொண்டிருக்கிறாய். அது இதற்காகவா வர வேண்டும், அதுவும் நீ பக்கத்தில் இல்லாதபோது.

நான் பேசியதாக அவர் உன்னிடம் காட்டிக்கொள்ளவில்லை போலிருக்கிறது. தெரிந்திருந்தால் இந்நேரம் எனக்குத் திட்டு விழுந்திருக்கும். உன்னை என்ன செய்யச் சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

ஒன்று மட்டும் எழுது அக்கா. அந்தத் தாளைக் காட்டினால் இன்னும் சிரிக்கிறாரா?

உன் தம்பி,
சபாபதி