எதிரெதிராய் உட்கார்ந்த ஊர்

விளையாட்டு விழாவுக்காக எங்கள் கல்லூரி மைதானத்தில் இன்று சுண்ணாம்புப் பொடியால் வட்டம் போட்டார்கள். அந்த நெடி மூக்கில் ஏறியதும் நீ போட்ட வட்டம் ஞாபகம் வந்தது. நீ போய்ச் சேர்ந்து ஒரு மாதம்தான் ஆகிறது. இன்னும் உன்னோடு சண்டை போட்டு முடியவில்லை.

பாளையங்கோட்டையில் நாம் நாடகம் படித்த வருஷம். கிரேக்கர்கள் மலைச்சரிவில் செதுக்கிய படிகளில் தொடங்கி, வெளிநாட்டில் வருஷக்கணக்காக ஓடும் இசை நாடகங்கள் வரை எல்லாம் பாடம். உனக்குப் பிடித்தது வட்ட அரங்கு மட்டும்தான். "மேடை உசந்தா பாக்கவன் தாழுதான்" என்பாய். வட்டத்தில் முன்வரிசை கிடையாது, நாற்காலி கிடையாது, எல்லாரும் தரையில் சமம் என்பது உன் கட்சி. பரீட்சைக்கான நாடகத்தைச் சீவலப்பேரிக்கு அந்தப் பக்கம் ஒரு கிராமத்துப் பள்ளிக்கூட மைதானத்தில் போடுவோம் என்று பிடிவாதம் பிடித்தாய்.

சாதிச் சண்டையில் ஜில்லாவே கொதித்துக்கொண்டிருந்த காலம் அது. பொழுது சாய்ந்தால் பஸ் ஓடாது. அதனால் சுண்ணாம்புப் பொடியால் வட்டம் போட்டு, நாலு மணி வெயிலிலேயே ஆரம்பித்தோம். மேலத்தெருக்காரர்கள் வட்டத்தின் ஒரு பாதியில் உட்கார்ந்தார்கள், கீழத்தெருக்காரர்கள் மறுபாதியில். நீ ராஜா. நான் ஓரமாக ஆர்மோனியம். யாரும் உன்னைப் பார்க்கவில்லை என்பது முதல் பாட்டிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. உன்னைத் தாண்டி எதிர்ப்பக்கத்து முகங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

வாய்க்கால் தண்ணீர் முதலில் யாருக்கு என்று நீ கேட்கிற இடத்தில் ஒரு பக்கம் சிரித்தது. மறுபக்கத்தில் ஓர் இளவட்டம் எழுந்தான்.

"யாரப் பாத்துலே சிரிக்கான்?"

எதிரே நாலைந்து பேர் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார்கள். அவர்கள் மோத வேண்டுமென்றால் நம்மைத் தாண்டித்தான் வர வேண்டும். பயத்தில் என் விரல் வேறு கட்டையில் விழுந்து சுதி பிசகியது.

நீ பாட்டை நிறுத்தவில்லை. பாடிக்கொண்டே பைய நடந்து பள்ளிக்கூட வராந்தாவில் ஏறினாய். உயர்ந்த மேடையென்றாலே முகம் சுளிக்கிற நீ! அங்கிருந்து, ராஜா குரலிலேயே, "ராசா கொலு இனிமே இங்கனதான். எல்லாரும் இங்கன பாருங்க" என்றாய். எனக்குக் கண்ணைக் காட்டினாய். ஆர்மோனியத்தைத் தூக்கிக்கொண்டு அந்த வெற்று வட்டத்தைத் தலை குனிந்தபடி கடந்தேன். அவ்வளவு நீளமான நடை என் வாழ்க்கையில் இன்றுவரை இல்லை.

முதலில் பிள்ளைகள் திரும்பினார்கள். அப்புறம் கைக்குழந்தைக்காரி ஒருத்தி நகர்ந்து வராந்தாவைப் பார்த்து உட்கார்ந்தாள். "உக்காரும் வே, மறைக்கீரு" என்று பின்னாலிருந்து யாரோ அதட்டினார்கள். நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். இரண்டு தெருவுக்கும் நடுவே ஒரு மாட்டுவண்டி போகிற அளவுக்கு இடம் காலியாகவே கிடந்தது. ஆனால் எல்லாருடைய கண்ணும் ஒரே பக்கம் இருந்தது. இருட்டுமுன் நாடகம் முடிந்தது.

திரும்பும் பஸ்ஸில் உன்னை வாய்க்கு வந்தபடி ஏசினேன். நீ ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி சொன்னாய்:

"புஸ்தகத்துல படிச்சத அப்படியே இறக்கிட்டேன் லே. ஒருத்தன் மூஞ்சிய ஒருத்தன் பாக்கதுக்கு இங்கன இன்னும் காலம் ஆவும். மொதல்ல ஒரே பக்கமாப் பாக்கட்டும்."

இப்போது கல்லூரியில் அரங்க அமைப்புப் பாடத்தை நான்தான் நடத்துகிறேன். எந்த ஊரில் நாடகமென்றாலும் முன்கூட்டியே போய், யாருக்கு எதிரே யார் உட்காருவார்கள் என்று விசாரிக்கிறேன். வட்டம் வேண்டுமென்று பிள்ளைகள் கெஞ்சினாலும் விடுவதில்லை. காலம் வந்துவிட்டதா என்று உன்னிடம் கேட்டிருக்கலாம். கேட்காமலே இருந்துவிட்டேன். என் நாடகத்தில் இதுவரை யாருக்கும் ஓர் அடி விழுந்ததில்லை. யாரும் யார் முகத்தையும் பார்த்ததுமில்லை.