உன் லேத்தில் உன் தங்கை

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. நானும் உன் தங்கையும் சுகம், என் முழங்கால் மட்டும் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. சண்டை ஓய்ந்த பிறகும் உங்களை முகாமிலேயே வைத்திருக்கிறார்கள் என்று எழுதியிருந்தாய், வேளைக்குச் சாப்பிடு, ஈரக் காலுறையோடு தூங்காதே.

இங்கே நடந்ததை நீ என் மூலம் தெரிந்துகொள்வதுதான் முறை. நீ பட்டாளத்துக்குப் போன பின் தொழிற்சாலையில் உன் லேத்தை உன் தங்கைதான் ஓட்டுகிறாள், உயரம் போதாமல் கீழே ஒரு மரப்பலகை போட்டு அதன்மேல் நின்று வால்வு கடைகிறாள். போன திங்கட்கிழமை அவள் வேலைக்குப் போய்ப் பார்த்தால் பலகையைக் காணோம், நெட்டை மேஸ்திரி அதைக் கொட்டகைக்குப் பின்னால் போட்டுவிட்டார். பட்டாளத்திலிருந்து ஒருவர் திரும்பியிருக்கிறார், அவருக்கு வேலையைச் சொல்லிக் கொடுத்துவிட்டு இவள் வீட்டுக்குப் போகலாம் என்றாராம். அவருக்கு என்ன கூலி என்று இவள் கேட்டிருக்கிறாள். இவள் வாங்குவதைப்போல ஒன்றரை மடங்கு. "அவ்வளவு வாங்குறவருதானே எனக்குச் சொல்லிக் கொடுக்கணும்?" என்று சொல்லிவிட்டு, பலகையைத் தானே தூக்கி வந்து போட்டு ஏறி நின்றுகொண்டாள். அன்றிலிருந்து அந்த வரிசைப் பெண்கள் யாரும் புது ஆளுக்கு வேலை சொல்லிக் கொடுப்பதில்லை.

மறுநாள் மானேஜரே நம் வீட்டுக்கு வந்து தொப்பியைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார். அந்த லேத்தை உனக்கே தருகிறார்களாம், பழைய கூலிக்கு மேலேயே தருவார்களாம். அண்ணன் என்றால் மாட்டேன் என்பாளா, அவள் இறங்கினால் மற்றவர்களும் தானே இறங்கிவிடுவார்கள் என்பது அவர் நினைப்பு. உனக்கு எழுதச் சொன்னார். தேநீர் கொடுத்தேன், வாக்குக் கொடுக்கவில்லை. அவள் அந்த வேலைக்குப் போனதே எனக்குப் பிடிக்காது, எண்ணெய் படிந்த நகங்களோடு சாப்பிட உட்காருவது இன்றும் பிடிக்காது. ஆனால் நீ போனதிலிருந்து இந்த வீட்டில் அடுப்பெரிவது அந்தக் கையால்தான், அதை மட்டமாகப் பேச எவரையும் விடமாட்டேன்.

அண்ணன் வந்தால் என்னடி செய்வாய் என்று அவளைக் கேட்டேன். கையிலிருந்த பாத்திரத்தைத் துடைத்துக் கவிழ்த்து வைத்தாள். பிறகு, "அண்ணன் கேட்டா எறங்கிடுவேம்மா. கேக்காம இருக்கணும்" என்றாள்.

இதை நான் எழுதுவது அவளுக்குத் தெரியாது. ரயில் பட்டறையிலும் ஆள் எடுக்கிறார்கள், கூலி சற்றுக் குறைவு, நடையும் அதிகம். உன் அறையைப் பெருக்கி வைத்திருக்கிறேன். கடவுள் உன்னைப் பத்திரமாக வீடு சேர்க்கட்டும். மானேஜருக்கு என்ன பதில் எழுதுவதென்று நீயே தீர்மானித்துக்கொள். அவளிடம் மட்டும் கேட்காதே.

உன் அம்மா