மாடிக்கும் மெஷினுக்கும் நடுவில்

இன்று காலை மாடியில் என் அறைக்குள் மண்ணெண்ணெயும் மையும் கலந்த வாசனை வந்தது. நீதான் சண்டைக்கு வந்துவிட்டாய் என்று பாதி எழுந்துவிட்டேன். வந்தவர், உன் அச்சு மெஷினை இப்போது ஓட்டும் சென்னியப்பன். வேலையை விட்டு நின்றுகொள்வதாகச் சொல்ல வந்திருந்தார்.

அவர் நின்றால் நான் என்ன செய்வேன்? தீபாவளி வேலை தலைக்கு மேல் கிடக்கிறது. அந்த மெஷினின் குணம் தெரிந்த ஆள் திருச்செங்கோட்டில் வேறு யார் இருக்கிறார்கள்? காரணம் கேட்டேன்.

"கம்ப்யூட்டரே எல்லாத்தயும் மெஷினுக்கு அனுப்பிருதுங்க. அப்புறம் எதுக்குங்க தடவைக்குத் தடவை கீழ வந்து நிக்கறீங்க? என்னைய நம்பலீங்களா?"

எனக்கு உன் நினைப்புத்தான் வந்தது.

நாம் கூட்டாக அச்சகம் போட்ட நாள் முதல் மாடியில் நான் பக்கம் அமைத்து அச்சுத் தகடு எடுப்பேன். கீழே நீ அதை ஓட்டுவாய். தகட்டைக் கண்ணால் பார்த்தே, எந்த இடத்துக்கு எவ்வளவு மை என்று மை விடும் சாவிகளை ஒவ்வொன்றாகத் திருகி வைப்பாய். ஜவ்வரிசிப் பெட்டி அட்டையின் பச்சை நிறம் பிடிபடுவதற்குள் ஒரு கட்டுத் தாள் பாழாகும். ஈரத் தாளோடு மேலே ஓடி வருவாய். தகடு தப்பு என்பாய், மை தப்பு என்பேன். "மெஷின் சும்மா நின்னா வயிறு எரியுதுடா" என்பாய். ஆனாலும் காப்பி குடித்துவிட்டுத்தான் இறங்குவாய்.

பக்கம் அமைக்கும் சாப்ட்வேரை மெஷினோடு இணைக்கலாம் என்றது நீதான். இணைத்தோம். நான் அமைத்த பக்கத்தை அளந்து, மை அளவை அதுவே கீழே சொல்லிவிட்டது. சாவிகள் தாமே திறந்தன. நாலைந்து தாளிலேயே பச்சை சரியாக அமைந்துவிட்டது. "இனி உன்றகூடச் சண்டை போடற வேலை மிச்சம்" என்று போனில் சிரித்தாய். மிச்சமான நேரத்துக்கும் வேலை பிடித்தோம். நீ மேலே வருவது நின்றது. ஒரே கட்டடத்துக்குள் இருந்துகொண்டு, உனக்கு மூச்சு வாங்குவதை உன் மனைவி போனில் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அதற்குள் நோய் முற்றியிருந்தது. மாசியில் நீ போய்விட்டாய்.

இதற்கு இணைப்பைக் குறை சொன்னால், ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்ற கதைதான். தெரிகிறது. ஆனாலும் வேலையைக் கீழே அனுப்பிய பிறகு எனக்கு நாற்காலியில் இருப்புக் கொள்வதில்லை. கால் படிக்குப் போய்விடுகிறது.

"நம்பாம இல்ல சாமி. மேல உக்கார முடியல. ஆளப் பாத்துட்டுப் போலாம்னுதான் வாரேன்" என்றேன். உன்னைப் பற்றியும் சொன்னேன்.

"அத முன்னயே சொல்லியிருக்கலாமுங்க" என்று மறுபடி மெஷினுக்கே இறங்கிப் போனார்.

அடுத்த வேலையை அனுப்பிய கையோடு நானும் இறங்கினேன். கேட்காமலே சென்னியப்பன் தாளை உருவி வெளிச்சத்தில் விரித்தார். அவர் முகத்தில் களைப்பு இருக்கிறதா, மூச்சு சீராக இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு நின்றேன்.

"கலர் சரிங்களா?" என்றார்.

நான் இன்னும் தாளைப் பார்க்கவேயில்லையடா.