தலைகீழாக நின்ற ஆலம்போத்து

அன்பு மருமகளுக்கு,

அத்தை எழுதுகிறேன். இங்கே என் முழங்காலைத் தவிர மற்ற எல்லாம் சௌக்கியம். அங்கே குளிர் தாங்கவில்லை என்று எழுதியிருந்தாய். காதை மூடிக்கொண்டு வெளியே போ. ஊருக்கெல்லாம் மருந்து கொடுப்பாய், உனக்கென்று ஒரு கம்பளி வாங்க ஆயிரம் யோசனை செய்வாய்.

நாலு பக்கத்துக்கு ஆஸ்பத்திரிக் கதை எழுதிவிட்டு, கடைசி ஓரத்தில் பொடி எழுத்தில் ஒரு கேள்வி கேட்டிருக்கிறாய். அங்கே எக்ஸ்ரே எடுக்கிறவர் உன்னைக் கட்டிக்கொள்ளக் கேட்கிறார், "நீங்க வேணாம்னா வேணாம் அத்தை, இந்தப் பேச்சையே விட்டுடறேன்" என்று. பதிலுக்கு வருகிறேன். அதற்கு முன்னால் உன் மரத்தின் கதையைக் கேள்.

நீ அங்கே வேலைக்குக் கிளம்புவதற்கு முதல் நாள், தண்ணீர்த் தொட்டி ஓரத்து ஆலமரத்தில் மின்கம்பியை இடித்த கிளைகளை வெட்டினார்கள் அல்லவா? அந்தக் கிளைகளைத்தான் போத்துகளாகத் தறித்து, பஸ் நிற்கிற சாலையில் நட்டோம். விதை போட்டு நிழலுக்குக் காத்திருந்தால் கிழவியாகிவிடுவோம், தொடை கனத்துக்கு ஒரு கிளையை வெட்டிக் குழியில் நிறுத்தினால் மழையோடு வேர் பிடித்துவிடும் என்று நம் நர்சரிக்கு வருகிறவர்களிடம் நான் அளப்பேனே, அதேதான். மேல் முனை காயாமல் இருக்கச் சாணி அப்பித் துணி சுற்ற வேண்டும். கடைசிப் போத்தை நான்தான் நட்டுக் கட்டுவேன் என்று பிடிவாதம் பிடித்தாய். "நர்ஸம்மா கட்டு போட்டா மரமே எழுந்து நடக்கும்" என்று மரம் வெட்டுகிறவர் சிரித்தார். நிஜமாகவே அவ்வளவு அழகான கட்டு.

மழை வந்தது. மற்றவை எல்லாம் துளிர்த்தன. உன்னுடையது மட்டும் மொட்டையாக நின்றது. பஸ்ஸுக்கு வருகிறவர்கள் அதில் சைக்கிளைச் சாய்த்து வைக்க ஆரம்பித்துவிட்டார்கள். பொறுக்க முடியாமல் ஒரு நாள் கிட்டப் போய்க் குனிந்து பார்த்தேன். ஆலங்கிளையில் இலை விழுந்த தழும்புக்கு மேலேதான் மொட்டு இருக்கும். இதில் ஒவ்வொன்றும் தழும்புக்குக் கீழே இருந்தது. அடிப்பாவி, தலைகீழாக நட்டிருக்கிறாய்! தலையை மண்ணில் புதைத்துவிட்டு, காலுக்கு அவ்வளவு ஜோராகக் கட்டுப் போட்டிருக்கிறாய். இரண்டு முனையும் ஒரே கனம், நீ ஊருக்குப் போகிற அவசரம் வேறு. மரத்திலேயே ஆயுளைக் கழித்த நானும் மரம் வெட்டுகிறவரும் பக்கத்தில் நின்றுகொண்டு கட்டின் அழகைத்தான் பார்த்தோமே தவிர கிளையைப் பார்க்கவில்லை. நடுரோடு என்றும் பாராமல் சிரித்தேன். என் பிள்ளை போன பிறகு அப்படிச் சிரித்ததே இல்லை.

மரம் வெட்டுகிறவரை அழைத்துக் காட்டினேன். "ஒருதரம் நட்டதைப் பிடுங்கி நட்டா பிழைக்காதுக்கா, விறகுக்குப் போட்டுடுங்க" என்றார். எனக்கு மனசு வரவில்லை. நகத்தால் பட்டையைக் கீறினேன். உள்ளே பச்சை, பால் கசிந்தது. உயிரோடு நிற்பதை எப்படி விறகு என்பது? முணுமுணுத்துக்கொண்டே கடப்பாரையை எடுத்தார். பிடுங்கி, காய்ந்த முனையைத் தறித்துவிட்டு நேராக நட்டோம். இந்தத் தடவை கட்டு என் கைவண்ணம், பார்க்கச் சகிக்காது.

அது பிழைக்குமா பிழைக்காதா என்று தெரியாத நாட்களில்தான் உன் கடிதம் வந்தது. பொய் சொல்ல மாட்டேன், படித்ததும் மடித்து அஞ்சறைப் பெட்டிக்குள் ஒளித்து வைத்துவிட்டேன். என் பிள்ளையை நினைத்துப் பேச எனக்கென்று இருப்பது நீ ஒருத்திதானே. என் நாத்தனாரிடம் சொன்னேன். "மகனையும் வாரிக் கொடுத்தாச்சு, மருமகளையும் தாரை வார்க்கப் போறியா?" என்று கேட்டாள். எனக்குச் சுருக்கென்றது.

அவளுக்கு என்ன தெரியும்? அவன் தொண்டையில் சொட்டுத் தண்ணீர் இறங்காதபோது பஞ்சை நனைத்து உதட்டில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவள் நீ. அவன் போன பிறகு உன் அம்மா வீட்டில் வந்து கூப்பிட்டும் போகாமல், என் அறையிலேயே பாயைப் போட்டுக்கொண்டவள் நீ. ஆஸ்பத்திரி வேலை முடிந்து வந்து, உடுப்பைக்கூட மாற்றாமல் என் நாற்றுகளுக்குத் தண்ணீர் ஊற்றினாய். நான் சாப்பிடவில்லை என்றால் நீயும் தட்டைத் தள்ளிவைப்பாய். உன் வயிறு காயக் கூடாதே என்றுதான் நான் சாப்பிட ஆரம்பித்தேன். உனக்கு நான் எவ்வளவு கடமைப்பட்டிருக்கிறேன் என்று நேரில் சொல்ல வாய் வரவில்லை. கடிதம் என்பதால் சொல்கிறேன்.

இன்று காலை போய்ப் பார்த்தேன். என் கோணல் கட்டுக்குக் கீழே, பட்டையைப் பிளந்துகொண்டு செம்பு நிறத்தில் ஒரு மூக்கு நீட்டியிருக்கிறது. பக்கத்திலேயே இன்னொன்று. மரம் வெட்டுகிறவரைக் கையைப் பிடித்து இழுத்துப் போய்க் காட்டினேன். அதில் சைக்கிளைச் சாய்க்க வந்த ஒருவரைக் கத்தி விரட்டினார் மனிதர்.

இனி உன் கேள்வி. கட்டிக்கொள், கண்ணு. என் முழு மனசோடு சொல்கிறேன். நாத்தனாரை நான் பார்த்துக்கொள்கிறேன்.

லீவு கிடைக்கும்போது அவரையும் கூட்டிக்கொண்டு வா. அவர் கையாலும் ஒரு போத்து நடச் சொல்வோம். எலும்பையே படம் பிடிக்கிறவர், எது தலை எது கால் என்றாவது பார்த்து நடுவார். நீ நட்டது அதற்குள் உங்கள் இரண்டு பேர் தலைக்கும் நிழல் தரும். நீங்கள் இருவரும் நீண்ட காலம் நன்றாக இருக்க வேண்டும்.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். கல்யாணத்துக்குப் பிறகு உனக்கு வேறொரு மாமியார் வருவார். அவரை எப்படி வேண்டுமானாலும் கூப்பிடு. என்னை அத்தை என்று கூப்பிடுவதை மட்டும் விட்டுவிடாதே.

இப்படிக்கு,
உன் அத்தை