மாமியின் எட்டு பீட்

ஜூன் 10, செவ்வாய்

டாக்டர் வைத்தீஸ்வரனிடம் வார விடுமுறையை மாற்றிக் கேட்டேன். ஞாயிறு வேண்டாம், வெள்ளி வேண்டும். அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி, "ஓ, நமாஸ்" என்று மரியாதையாகத் தலையாட்டினார். நான் எந்தப் பொய்யும் சொல்லவில்லை. கேள்வியையும் பதிலையும் அவரே பார்த்துக்கொண்டால், மாட்டுங்கா எக்ஸ்-ரே கிளினிக்கின் ரிசப்ஷனிஸ்ட் என்ன செய்ய முடியும்?

விஷயம் இதுதான். தாராவியில் எங்கள் சந்தில் வாரம் முழுக்கத் தையல் மிஷின்கள் ஓடும். வெள்ளி மதியம் எல்லோரும் ஜும்ஆ தொழுகைக்குப் போகும் ஒன்றரை மணி நேரம் மட்டும் நிற்கும். என் மிக்ஸ்டேப்பை அந்த நேரத்தில்தான் பதிவு செய்தாக வேண்டும். ஏழு பாட்டு. இருபத்து நாலு வயதில் ஒருத்தி ராப் பாடி என்னத்தைக் கிழிக்கப் போகிறாள் என்றால்—தெரியாது. கிழித்துப் பார்க்கிறேன்.

ஜூன் 13, வெள்ளி

இடம் கிடைத்துவிட்டது! நஜ்முன்னிசா மாமியின் கிடங்கு. மாமி வாப்பாவுக்கு அக்கா. பை தைக்கும் பட்டறைகளுக்கு ஃபோம் விற்கிறாள். மாடி அறையில் மூன்று சுவரிலும் தரையிலிருந்து கூரைவரை ஃபோம் அடுக்கியிருக்கிறது. இசக்கிசெல்வி உள்ளே நின்று கை தட்டிப் பார்த்தாள். "ஏட்டி, எக்கோவே இல்ல. இதுதான் ஸ்டுடியோ" என்றாள். முனிசிபல் தமிழ்ப் பள்ளியில் என் பக்கத்தில் உட்கார்ந்தவள். இப்போது செம்பூரில் கல்யாண வீடியோ எடிட் செய்கிறாள். என் பீட் எல்லாம் அவள் லேப்டாப்பில் பிறந்தவை.

மாமியிடம் என்ன காரணம் சொல்வது என்று நான் யோசிப்பதற்குள் உம்மா முந்திக்கொண்டாள். "இன்டர்வியூவுக்கு இங்கிலீஷ் பேசிப் பழகணுமாம் மதினி."

மாமிக்கு முகமெல்லாம் பல். எனக்கு மாப்பிள்ளை தேடுவதுதான் அவளுடைய இரண்டாவது தொழில். இங்கிலீஷ் பேசும் பெண்ணின் பயோடேட்டா சீக்கிரம் நகருமாம். சாவியைக் கொடுத்ததோடு விடவில்லை. அறை வாசலில் ஸ்டூலைப் போட்டுக் காவலுக்கும் உட்கார்ந்துவிட்டாள்.

ஜூன் 20, வெள்ளி

இரண்டு பாட்டு முடிந்தது. சந்தில் யாராவது வாயைத் திறந்தால் போதும், மாமி "ஏலே, சுப்! புள்ள இங்கிலீஷ் பேசுது!" என்று கத்துகிறாள். அவள் அடக்கிய சத்தம் எதுவும் பதிவில் இல்லை. அவள் அதட்டிய சத்தம் மட்டும் எல்லா டேக்கிலும் இருக்கிறது. ஒன்று பீட்டில் கச்சிதமாக விழுந்தது. இசக்கிசெல்வி அதை வைத்துக்கொண்டாள்.

ஜூலை 4, வெள்ளி

மழை. தகரக் கூரை எங்களைவிட நன்றாக ராப் பாடியது. ஒன்றும் பதியவில்லை.

ஜூலை 8, செவ்வாய்

மாமி மறுபடி போட்டோக்களோடு வந்தாள். டோம்பிவிலி மாப்பிள்ளை, கல்யாண் மாப்பிள்ளை, இன்னும் யாரோ. "பாத்தா என்ன, கடிச்சா திங்கப் போறான்?" என்றாள். எரிச்சலில் ராத்திரிச் சோறுகூடச் சாப்பிடாமல் நாலாவது பாட்டை எழுதிவிட்டேன்.

*மாமி பையில நாலு போட்டோ, நாலுலயும் ஒரே சட்ட,*
*நாலு பேரும் நல்லவன்தான், நான்தான் கொஞ்சம் மட்ட.*

இதுவரை எழுதியதில் இதுதான் நம்பர் ஒன். அதிலும் கடைசி இரண்டு வரி:

*மாமிக்கு வந்த மாப்பிள்ள குவைத்துல காணோம்,*
*அதே கடையில எனக்கும் ஒண்ணா? வேணாம் மாமி, வேணாம்.*

மாமா குவைத்துக்குப் போய் இருபது வருஷம். முதல் இரண்டு வருஷம் போன் வந்தது. அதற்குப் பிறகு அவர் பெயரை எங்கள் வீட்டில் யாரும் எடுப்பதில்லை. இருக்கட்டும், அறைக்குள் ஃபோம் இருக்கிறது. வெளியே எப்படிக் கேட்கும்?

ஜூலை 11, வெள்ளி

நாலாவது பாட்டு, ஐந்து டேக். கதவைத் திறந்தபோது ஸ்டூல் மட்டும் இருந்தது. மாமி கீழே கடையில் ஃபோம் வெட்டிக்கொண்டிருந்தாள். வழக்கம்போல இரண்டு டீ சொல்லி அனுப்பினாள்.

ஜூலை 14, திங்கள்

கிளினிக்கில் இருக்கும்போது இசக்கிசெல்வி போன். வழக்கமான சிரிப்பு இல்லை.

"ஏட்டி, மொத டேக்ல மாமி ஆறு தடவ கத்துறாங்க. கடைசி ரெண்டு வரி வருதுல்லா, அதுக்கு அப்புறம் ஒரு தடவகூட இல்ல. அடுத்த நாலு டேக்லயும் இல்ல. சந்துல எவனோ கத்துறது மட்டும் கேக்குது."

மூன்று சுவருக்கும் ஃபோம். கதவுக்கு? கதவு அரை அங்குல பிளைவுட். நாங்கள் ரெண்டு அறிவாளிகளும் அதை ஒரு தடவைகூடத் தட்டிப் பார்க்கவில்லை.

ஐந்து தடவை பாடியிருக்கிறேன். ஐந்து தடவை. நான் எப்படிப்பட்ட கழுதை?

ஜூலை 16, புதன்

"அந்த லைன எடுத்தா பாட்டு செத்துரும்" என்கிறாள் இசக்கிசெல்வி. அது எனக்கும் தெரியும். அதுதான் பிரச்சினையே. நல்ல வரியாக இல்லாவிட்டால் நேற்றே தூக்கி எறிந்துவிட்டு நல்ல பிள்ளையாகத் தூங்கியிருப்பேன். மாமி திட்டியிருந்தால்கூடத் தேவலை, திட்டவும் இல்லை. போட்டோப் பையைக்கூடக் காணோம். அது இல்லாமல் எனக்கு எப்படியோ இருக்கிறது. இதை யாரிடமாவது சொன்னால் மானம் போகும்.

ஜூலை 17, வியாழன்

கடைக்குப் போய் நின்றேன். மாமி நிமிராமல் ஃபோமில் சாக்பீஸால் கோடு போட்டுக்கொண்டிருந்தாள்.

"மாமி, நாளைக்குச் சாவி வேணும். நாலாவது பாட்ட மாத்திப் பாடணும்."

"இங்கிலீஷ்ல இவ்வளவு தமிழ் இருக்கும்னு எனக்குத் தெரியாம போச்சே."

நான் கீழே கிடந்த ஃபோம் துணுக்குகளைப் பொறுக்க ஆரம்பித்தேன்.

"நாலு போட்டோ இல்ல, மூணு" என்றாள். "சட்டையும் ஒரே சட்ட இல்ல. ஒருத்தன் சட்டைல பாக்கெட் உண்டு. பாட்டுன்னா கரெக்டா எழுதணும்."

"சரி மாமி. அந்தக் கடைசி வரி…"

சாக்பீஸைக் கீழே வைத்தாள். "அதுல பொய் இல்ல. ஆனா அது என் பாட்டு சஃப்ரீன். ஒன் பாட்டு இல்ல."

சாவியை மேஜைமேல் வைத்தாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. "அழுது ஃபோம நனைக்காத, விக்காது" என்றாள்.

ஜூலை 18, வெள்ளி

மாற்றிப் பாடினேன். போட்டோ மூன்றாயிற்று, ஒரு பாக்கெட்டும் சேர்ந்தது. சத்தியமாகப் பாட்டு இன்னும் நன்றாக வந்திருக்கிறது. கடைசி இரண்டு வரியின் இடத்தில் வேறு எதை வைத்தாலும் ஒட்டவில்லை. அதனால் ஒன்றும் வைக்கவில்லை. எட்டு பீட் காலி. ஸ்டூலும் காலி.

ஆகஸ்ட் 22, வெள்ளி

ஏழும் முடிந்தது. தொண்டையும் முடிந்தது.

ஆகஸ்ட் 29, வெள்ளி

வெளியிட்டாயிற்று. பெயர் 'மிஷின் நின்ன நேரம்'. சாயங்காலத்துக்குள் முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் கேட்டிருக்கிறார்கள். அதில் நாற்பது நானே. டாக்டர் எப்படியோ கேட்டுவிட்டு, "நமாஸ் நன்னா இருந்தது" என்று மெசேஜ் அனுப்பியிருக்கிறார். நாளைக்கு அவர் முகத்தில் எப்படி விழிப்பது?

வாப்பா தன் தையல் பட்டறையில் ஸ்பீக்கர் வைத்து ஏழு பாட்டையும் கேட்டார். மாமி நிலைப்படியில் நின்றிருந்தாள். 'ஏலே, சுப்!' வந்தபோது எல்லோரும் அவளைப் பார்த்துச் சிரித்தார்கள். அவள் யாரையோ தேடுவதுபோல் திரும்பிக்கொண்டாள். நாலாவது பாட்டின் கடைசியில் வாப்பா ஸ்பீக்கரைத் தட்டினார்.

"இதுல என்ன, நடுவுல கரண்ட் போச்சா?"

"இல்ல வாப்பா. அது மாமியோட எடம். அவங்க சொல்லணும்னா சொல்லட்டும்னு விட்டிருக்கு."

மாமி படியிறங்கிப் போய்விட்டாள். ஏன் எல்லோர் முன்னாலும் சொன்னேன்? வாய் சும்மா இருக்காதா?

செப்டம்பர் 12, வெள்ளி

இன்று பன்னிரண்டரைக்கே மாமி வந்து என்னைக் கிடங்கு மாடிக்குக் கூட்டிப்போனாள். இடுப்பில் சாவி, கையில் துண்டுக் காகிதம். இசக்கிசெல்வியை லேப்டாப்போடு வரச் சொல்லியிருக்கிறாள், எனக்குத் தெரியாமல்.

"எட்டுன்னா எவ்வளவு நேரம்?" என்று அவளிடம் கேட்டாள். இசக்கிசெல்வி விரலால் தட்டிக் காட்டினாள். மாமி உதடு அசைய எண்ணிப் பார்த்து, "போதும்" என்றாள்.

நானும் உள்ளே போகப் போனேன். "நீ எங்க வாற?" என்று ஸ்டூலைக் காட்டிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

மிஷின்கள் நின்றன. சந்தில் ஈ காக்கை இல்லை. அந்தக் கதவின் லட்சணம் எனக்குத் தெரியும், உள்ளே மூச்சு விட்டாலே ஸ்டூலுக்குக் கேட்கும். அதனால், "ஏலே, சுப்! மாமி பேசுறாங்க!" என்று கத்தினேன். கொஞ்சம் விட்டு மறுபடி கத்தினேன். காய்ச்சலில் தொழுகைக்குப் போகாத எதிர்க்கடை அப்ரார் அண்ணன் எட்டிப் பார்த்து, "யாருமே பேசலியே சஃப்ரீன்?" என்றார். அவரையும் அதட்டினேன். கதவு திறக்கும்வரை கத்திக்கொண்டே இருந்தேன்.