எதிர்ப்பு எதுவும் இல்லை

மார்ச் 7, 2023, செவ்வாய்

படகு வந்தது. உருளைக்கிழங்கு வந்தது, பாதி அழுகல். பாலும் ரொட்டியும் வரவில்லை, அடுத்த படகில் வருமாம். நான் கடை நடத்துகிறேனா, வருகிறவர்களிடம் மன்னிப்புக் கேட்கும் தொழில் நடத்துகிறேனா என்றே தெரியவில்லை.

மதியம் நர்ஸ் ரோடா வந்தாள். இவருக்குச் சிறுநீர்க்குழாய் மாற்றும் நாள். வழக்கமாகக் கேலி பேசிக்கொண்டே மாற்றுவாள். "டோர்க்கில் மாமா, ஆடாம அசையாம இருந்தீங்கன்னா ஒரு முத்தம் இலவசம்" என்பாள், இவரும் நடுங்கிக்கொண்டே சிரிப்பார். இன்று வாயே திறக்கவில்லை. கை கழுவும்போதுதான் சொன்னாள். தீவிலேயே தங்கியிருக்கும் நர்ஸ் வேலையை எடுத்துவிடப் போகிறார்களாம். இலையுதிர் காலம் வரைக்கும்தான். அதன் பிறகு அக்கரையிலிருந்து ஒருவர் வாரம் இரண்டு தடவை படகில் வந்து பார்த்துவிட்டுப் போவாராம்.

"படகு வராத வாரம்?" என்றேன்.

"அதையேதான் நானும் கேட்டேன் அத்தை. வீடியோல பாத்துக்கலாம்னாங்க."

"குழாய் அடைச்சுக்கிட்டா வீடியோ வந்து எடுத்து விடுமா?"

அவள் என்ன செய்வாள் பாவம். அவளுக்கே வேலை போகிறது. நான் அவளிடம் கத்தியிருக்கக் கூடாது.

இவருக்கு நடுக்குவாதம் முற்றியபோதே டாக்டர் சொல்லிவிட்டார்: பக்கத்தில் நர்ஸ் இருக்கும்வரை வீட்டில் வைத்துக்கொள்ளலாம், இல்லாவிட்டால் அக்கரையில் முதியோர் இல்லம்தான். இவரும் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டிருக்கிறார். "என்னை அக்கரைக்கு மட்டும் அனுப்பிடாத ஷோனக்." சரி என்று சொல்லியிருக்கிறேன்.

மார்ச் 8

இவரிடம் இன்னும் சொல்லவில்லை. சொல்ல வாய் வரவில்லை.

மார்ச் 18

ஹெக்டர் கடைக்கு வந்தான். இவருடைய சித்தப்பா மகன். படகுத்துறையில் கயிறு பிடிக்கிற வேலை. இந்த ஃபியராசே தீவிலேயே பெரிய தொண்டை அவனுடையதுதான். அவன் துறையில் நின்று இருமினால் சர்ச்சில் கேட்கும்.

"அண்ணி, நீங்க எதுக்குக் கலங்கறீங்க? சட்டம் இருக்கில்ல!" என்றான்.

தீவுகள் சட்டம். எடின்பரோ பார்லிமென்டில் அது நிறைவேறிய வருஷம் இதே ஹெக்டர் மலை மேல் தீ மூட்டி, கால்சட்டையையும் கொஞ்சம் பொசுக்கிக்கொண்டான். இனி நம்மைக் கேட்காமல் அக்கரையில் உட்கார்ந்து எவனும் நம் தலையெழுத்தை எழுத முடியாது என்று அன்றைக்கு எல்லோரும் குடித்தோம். நானும்தான் குடித்தேன். இப்போது ஹெக்டர் அதையே பிடித்துக்கொண்டிருக்கிறான். தீவில் ஒன்றை எடுப்பதென்றால் முதலில் இங்கே வந்து மக்களைக் கேட்க வேண்டும், அதனால் தீவுக்கு என்ன பாதிப்பு என்று அறிக்கை எழுத வேண்டும்.

"வரட்டும். நான் எந்திரிச்சுப் பேசறேன். நர்ஸை எடுத்தா எங்க அண்ணன் செத்துப்போவாருன்னு மூஞ்சிக்கு நேரா சொல்றேன். நீங்க வாயே திறக்க வேணாம்" என்று என் கல்லா மேஜையில் ஓங்கிக் குத்தினான். தராசு ஆடியது.

நான் பேச முடியாதுதான். தன் வீட்டுக் காரியத்துக்குத் தானே கூட்டத்தில் எழுந்து மன்றாடுவது இங்கே வழக்கமில்லை, அது கையேந்துவதுபோல ஆகிவிடும். நமக்காக அடுத்த வீட்டார் பேச வேண்டும், அவர்களுக்காக நாம் பேசுவோம். ஆட்டுக்கொட்டகை விவகாரத்தில் ஹெக்டருக்காக நான் பேசியிருக்கிறேன்.

அவன் போன பிறகு மனசு லேசாக இருந்தது. இவரிடம் விஷயத்தைச் சொன்னேன், சட்டத்தையும் சேர்த்துச் சொன்னேன். "ஹெக்டரா?" என்று மட்டும் கேட்டார்.

ஏப்ரல் 20, வியாழன்

கூட்டம் நடந்தது. எங்கிருந்து எழுதுவது?

காலையில் கடல் மகா மோசம். படகு வராது, கூட்டம் நடக்காது என்றுதான் நினைத்தோம். வந்துவிட்டது. சுகாதார வாரியத்திலிருந்து வந்தவள் ஹேசல் பிரிங்கிள் என்ற பெண்மணி. எவளோ ஒரு இரும்பு முகக்காரி வருவாள் என்று எதிர்பார்த்தோம். இறங்கியது ஒரு சின்ன உருவம், முகமெல்லாம் பச்சை. வழி முழுக்க வாந்தி. ஹெக்டர்தான் கையைப் பிடித்து இறக்கினான். இறங்கியதும் அவன் பூட்ஸ் மேலேயே இன்னொரு தடவை எடுத்தாள். "ஐயோ மன்னிச்சுக்குங்க, மன்னிச்சுக்குங்க" என்று அழாத குறை. ஹெக்டர் தன் கம்பளிச் சட்டையைக் கழற்றிப் போர்த்திவிட்டான்.

அங்கேயே காரியம் கெட்டுவிட்டது. எனக்கு அப்போது தெரியவில்லை.

ஹெக்டர் மனைவி இஷ்பெல் அவளைப் படுக்கவைத்து, பார்லி சூப் கொடுத்து, கால் தேய்த்துவிட்டு மண்டபத்துக்கு அழைத்து வந்தாள். ஊரே வந்திருந்தது. ஹேசல் அந்தப் பெரிய சட்டைக்குள் முக்கால்வாசி காணாமல் போயிருந்தாள். ரொம்ப மரியாதையாகப் பேசினாள். ஆள் கிடைக்கவில்லை, செலவு கட்டுப்படியாகவில்லை, வாரம் இரண்டு முறை நர்ஸ் வருவார், மற்ற நாளுக்கு வீடியோ. எல்லாம் சொல்லிவிட்டுக் கேட்டாள்: "இதுல யாருக்காவது எதாவது வருத்தம், ஆட்சேபணை இருக்குங்களா? தயங்காம சொல்லுங்க."

ஒருத்தரும் மூச்சு விடவில்லை.

நான் ஹெக்டரைப் பார்த்தேன். அவன் மேற்கூரையைப் பார்த்தான். இஷ்பெல் முழங்கையால் இடித்தாள். எழுந்தான். தொண்டையைச் செருமினான்.

"வந்து... இந்தக் கடல்ல, எங்களுக்காக இவ்ளோ தூரம் வந்தீங்களே அம்மா. அதுவே பெரிய விஷயம்" என்றான். உட்கார்ந்துவிட்டான்.

எல்லோரும் கை தட்டினார்கள்!

அதன் பிறகு மறுபடியும் மௌனம், கனமான மௌனம். இங்கே பிறந்த எவனுக்கும் புரியும் அது. இந்தத் தீவில் வீட்டுக்கு வந்தவரிடம் முடியாது என்று யாரும் சொன்னதில்லை. பேசாமல் உட்கார்ந்திருந்தால், முடியாது என்றுதான் அர்த்தம். அவள் கடிகாரத்தைப் பார்த்தாள், எங்களைப் பார்த்துச் சிரித்தாள், ஏதோ குறித்துக்கொண்டாள்.

நானாவது எழுந்திருக்க வேண்டாமா? பாதி எழுந்தேன். சத்தியமாக எழுந்தேன். எல்லாத் தலையும் என் பக்கம் திரும்பியது. அத்தனை பேர் முகத்திலும் ஒரு பதற்றம், "நீ வேணாம், நீ கெஞ்ச வேணாம்" என்பதுபோல. நான் போய்க் கெட்டிலை அடுப்பில் வைத்தேன். அம்பது வருஷத்துக்கு மேல் இந்த மண்ணில் வளர்ந்த புத்தி, ஒரு நிமிஷத்தில் போகுமா?

படகு கிளம்பியதும் துறையிலேயே ஒரே கூச்சல். "அக்கிரமம்!" "நம்மள என்னன்னு நெனச்சுட்டாங்க!" "வீடியோவாம் வீடியோ!" கடல் கேட்டுக்கொண்டிருந்தது.

ஏப்ரல் 21

ஹெக்டர் கடைக்கு வரவில்லை. இஷ்பெல்தான் வந்து புகையிலை வாங்கிப் போனாள்.

ஜூன் 14

அறிக்கை வந்துவிட்டது. தபால் பை என் கடைக்குத்தான் வரும், அதனால் முதலில் படித்த புண்ணியவதி நான்தான். தீவு மக்கள் மிகுந்த நல்லெண்ணத்தோடு கலந்துகொண்டார்களாம். எதிர்ப்பு எதுவும் இல்லையாம். ஆகவே இந்த மாற்றத்தால் தீவுக்குத் தனிப்பட்ட பாதிப்பு இல்லை என்ற முடிவுக்கு வந்திருக்கிறார்களாம். சூப்புக்கு நன்றி என்று ஒரு வரிகூட இருக்கிறது. கொள்ளையில் போக.

ஹெக்டருக்குப் படித்துக் காட்டினேன். அப்படியே மாவு மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டான்.

"நாம சும்மா இருந்தோமே அண்ணி! சும்மா இருந்தா வேணாம்னுதானே அர்த்தம்? பச்சப் புள்ளைக்குக்கூடத் தெரியுமே!"

"அக்கரையில சரின்னு அர்த்தமாம்."

"நான் பேசியிருக்கணும். பேசத்தான் எந்திரிச்சேன். அந்தப் பொண்ணு என் சட்டையைப் போட்டுக்கிட்டு உட்காந்திருந்துச்சு அண்ணி, அதைப் பாத்துக்கிட்டே எப்படி..." அழுதுவிட்டான். அவ்வளவு பெரிய உடம்பு அழுவதை என்னால் பார்க்க முடியவில்லை. திட்டலாம் என்று வைத்திருந்ததையெல்லாம் விட்டுவிட்டேன்.

ஜூலை 3

சட்டத்தில் இன்னொரு வழி இருக்கிறதாம். முடிவை மறுபடி பரிசீலிக்கச் சொல்லிக் கேட்கலாம். தீவில் எழுதத் தெரிந்த எல்லோரும் கையெழுத்துப் போட்டோம். ஹெக்டர் தன் பெயரைப் பக்கத்தின் பாதிக்கு எழுதியிருக்கிறான்.

ஆகஸ்ட் 9

பதில் இல்லை. இவர் வாசலில் நாற்காலி போட்டு மீன்பிடிப் படகுகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். படகுகளின் பெயர்கள் சில இவருக்கு மறந்துபோகின்றன இப்போது.

செப்டம்பர் 29

ரோடா போய்விட்டாள். கடைசியாக ஒரு தடவை குழாய் மாற்றிவிட்டு, இவர் நெற்றியில் முத்தம் கொடுத்தாள். "இது காசு குடுத்து வாங்கறது மாமா, இனிமே இலவசமெல்லாம் கிடையாது." சிரித்துக்கொண்டே சொன்னாள். படகில் ஏறியதும் எங்கள் பக்கம் திரும்பவே இல்லை.

அக்டோபர் 18

பரிசீலனைக்குப் பதில். முதல் முடிவை எடுத்த அதே அலுவலகம்தான் மறுபடி பார்த்ததாம். சட்டப்படி நேரில் வந்து கேட்டார்கள், சட்டப்படி எழுதினார்கள், சட்டப்படி எல்லாம் சரியாம். யாரைப் போய்ப் பிடிப்பது? எங்களைக் கேட்காத காலத்தில், கேட்கவில்லையே என்று சண்டை போட ஒரு ஆளாவது இருந்தான். இப்போது கேட்டுவிட்டார்கள். நாங்கள் சொல்லியும்விட்டோம்.

நவம்பர் 30

வருகிற நர்ஸ் நல்ல பிள்ளை. இந்த மாதம் பாதி நாள் படகே இல்லை. வீடியோவில் அவன் முகம் உறைந்து நின்றுவிடுகிறது, குரல் மட்டும் வருகிறது. இவர் அந்த முகத்தைப் பார்த்து, "தம்பிக்கு உடம்பு சரியில்லையா?" என்று என்னைக் கேட்கிறார்.

ஜனவரி 24, 2024

மூன்று நாளாகப் புயல். நேற்று மதியம் குழாய் அடைத்துக்கொண்டது. வயிறு கல்லாகிவிட்டது. இவர் வலியில் கத்தி நான் கேட்டதே இல்லை, ஆட்டுக்கடா முட்டி விலா உடைந்தபோதுகூடப் பல்லைக் கடித்துக்கொண்டவர். வீடியோவில் அந்தப் பையன் இதைச் செய்யுங்கள், அதைச் செய்யுங்கள் என்றான். தண்ணீர் ஏற்றிப் பார்த்தேன். இறங்கவில்லை. அவன் குரலும் உடைந்தது. "இதுக்கு மேல நான் அங்க இருந்தாத்தான் முடியும் அம்மா." நான் என்ன செய்வேன்? சொல்லு, நான் என்னதான் செய்வேன்?

காற்று கொஞ்சம் அடங்கியதும் ஹெலிகாப்டர் வந்தது. ஹெக்டர்தான் தூக்கிக்கொண்டு ஓடினான், குழந்தையைத் தூக்குவதுபோல. கதவருகில் இவர் என் கையை விடவில்லை. "அக்கரைக்கா?" என்றார்.

"ஆஸ்பத்திரிக்குத்தான். வந்துடலாம்" என்றேன்.

பிப்ரவரி 6

கிருமி ரத்தத்தில் ஏறியிருந்தது. உயிர் தப்பிவிட்டது. ஆனால் இவர் பழைய ஆள் இல்லை, மழுங்கிவிட்டார். டாக்டர் பெண், சின்ன வயசு, என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: நர்ஸ் இல்லாத இடத்துக்கு அனுப்ப அவளுக்கு மனசு ஒப்பவில்லை, இன்னொரு தடவை இப்படி ஆனால் அவ்வளவுதான்.

நான் ஒன்றும் சொல்லவில்லை, சும்மாதான் இருந்தேன். அவள் என் முகத்தையே பார்த்தாள்.

"அம்மா, நீங்க பேசாம இருந்தா நான் என்னன்னு எடுத்துக்கறது?" என்றாள்.

"எனக்கு இஷ்டமில்ல" என்றேன். முதல் தடவையாக வாய்விட்டு. "இஷ்டமில்ல, இஷ்டமில்ல, அவரை வீட்டுக்குக் கூட்டிட்டுப் போகணும்." வராந்தாவில் எல்லோரும் திரும்பிப் பார்க்கக் கத்தினேன். அவள் கடைசிவரை பொறுமையாகக் கேட்டாள். கேட்டுவிட்டு, "புரியுது அம்மா" என்றாள். முதியோர் இல்லத்தில் இடம் பார்க்கச் சொல்லிவிட்டாள்.

மார்ச் 2

கடையை இஷ்பெல் பார்த்துக்கொள்கிறாள். இல்லத்துக்குப் பின் தெருவில் எனக்கு ஒரு அறை. ஜன்னலைத் திறந்தால் கார் நிறுத்துமிடம்.

மார்ச் 27

ஹெக்டர் போன் பண்ணினான். ரோடா இருந்த வீட்டைச் சுற்றுலாக்காரர்களுக்கு வாடகைக்கு விடுவதா என்று கேட்க அடுத்த மாதம் ஆள் வருகிறதாம். "நான் வந்து பேசறேன், இந்தத் தடவை நானே பேசறேன்" என்றேன்.

அவன் இழுத்தான்: "இல்ல அண்ணி... தீவுல குடியிருக்கறவங்க மட்டும்னு போட்டிருக்காங்க."

அவனைத் திட்டி என்ன பயன்.

ஏப்ரல் 11, வியாழன்

இன்று நன்றாகச் சாப்பிட்டார். மீன், மசித்த உருளைக்கிழங்கு. நானே ஊட்டினேன். வெயில். தோட்டத்தில் யாரோ துணி காயப்போட்டிருந்தார்கள், ஒன்றுகூட அசையவில்லை.

சாப்பிட்டு வாயைத் துடைத்ததும் தொப்பியைக் கேட்டார். தினமும் கேட்கிறார். "படகு எத்தனை மணிக்கு?"

முதல் வாரமெல்லாம் உண்மையைச் சொல்லிப் பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் புதிதாகக் கேட்டதுபோல அழுதார். இங்கே வேலை பார்க்கிற பெண் ஒருத்திதான் ஒருநாள் தற்செயலாக அவரிடம் ஒரு பதில் சொன்னாள், அதிலிருந்து நானும் அதையே சொல்கிறேன்.

"காத்து பலமா இருக்கு. இன்னைக்குப் படகு விடல."

ஜன்னல் பக்கம் பார்த்தார். என்னைப் பார்த்தார். காற்று என்றால் அவர் யாரோடும் சண்டை போட்டதில்லை, தீவில் எவரும் போட்டதில்லை.

"சரி" என்றார். "அப்ப நாளைக்குப் போலாம்."

தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு தூங்கிவிட்டார்.