சோப்புக் குடித்த கல்லுரல்

ஹெலியோதோரோ,

கல்லுரல் சோப்பைக் குடித்துவிட்டதென்று நேற்று நான் கத்தியதில் புயெப்லா நாய்களெல்லாம் ஊரைவிட்டே ஓடியிருக்கும். "ஒத்தாசையா இருக்கட்டும்னுதானே கழுவினேன், கிழவி" என்று நீ முணுமுணுத்தது இன்னும் காதில் குத்துகிறது.

எலுமிச்சை வாங்கச் சந்தைக்குப் போகிறேன். அரிசி, பூண்டு, கல்லுப்பு போட்டு அரைத்துக் கொட்டு. சோப்பு வாசனை போகும்வரை திரும்ப அரை. பிறகு மிளகாயும் வெங்காயமும் நசுக்கு. உன் தங்கை வந்து உட்கார்ந்தபின் அவகாடோவை வெட்டு, இல்லாவிட்டால் கறுத்துவிடும்.

குவாகமோலேத் துவையல் நுரைத்தாலும் முதல் வாய் எனக்குத்தான்.

எதெல்வினா

பி.கு.: இந்தக் கல்லைத் தந்த என் அம்மா இருந்திருந்தால், "உதவ வந்த மனுஷனை ஏண்டி விரட்டுற?" என்று கேட்டிருப்பாள். அவள் இல்லை, காலையிலிருந்து நானே என்னைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.